உங்களுக்குத் தெரியுமா? உதட்டுக்கு வரும் கொப்புளம் மூளைக்கும் போகுமா?

● காய்ச்சல் விட்ட மறுநாள் உதட்டோரத்தில் கொத்தாக நாலைந்து நீர்க்கொப்புளங்கள் கிளம்பும். "உடம்பு சூடு", "ராத்திரி ஏதோ பூச்சி கடிச்சிருக்கும்" என்று வீட்டில் ஆளுக்கொன்று சொல்வார்கள். சூடும் இல்லை, பூச்சியும் இல்லை. அது ஹெர்பிஸ் சிம்ப்ளெக்ஸ் வைரஸின் முதல் வகை செய்யும் வேலை. உலகச் சுகாதார நிறுவனத்தின் மதிப்பீட்டில் 50 வயதுக்குட்பட்டவர்களில் சுமார் 380 கோடிப் பேர், அதாவது மூவரில் இருவர், இதைச் சுமக்கிறார்கள். பெரும்பாலோர் சின்ன வயதில் யாரோ கொடுத்த முத்தத்தில் வாங்கியது. வாங்கியதே பலருக்குத் தெரியாது.

● கொப்புளம் ஆறிவிட்டால் வைரஸ் போய்விட்டது என்று அர்த்தமில்லை. உதட்டிலிருந்து உணர்வு நரம்பைப் பிடித்துக்கொண்டு பின்னோக்கிப் பயணித்து, மண்டையோட்டின் அடிப்பகுதியில், காதுக்குச் சற்று முன்னால் உள்ள ஒரு நரம்பு முடிச்சில் போய் உட்கார்ந்துவிடும். முகத்தின் தொடு உணர்வு முழுவதும் மூளைக்குப் போகிற வழி அது. அங்கே நரம்புச் செல்லின் கருவுக்குள் தன் மரபுப்பொருளை மட்டும் வைத்துவிட்டு, புரதம் எதையும் தயாரிக்காமல் சும்மா இருக்கும். புரதம் இல்லாததால் நோய் எதிர்ப்புச் சக்தியின் கண்ணில் படாது. வாடகையும் தராது, காலியும் செய்யாது. காய்ச்சல், கடும் வெயில், மாதவிலக்கு, மன உளைச்சல் என்று ஏதாவது சாக்கு கிடைத்தால் வந்த வழியே இறங்கி மறுபடி உதட்டுக்கு வரும். சிலருக்குக் கொப்புளம் எப்போதும் ஒரே இடத்தில் வருவது இதனால்தான்.

● இந்த ஒளிவிடத்துக்கு முதல் துப்பு கிடைத்தது ஓர் அறுவைக் கூடத்தில். தாங்க முடியாத முகநரம்பு வலிக்காக அந்த நரம்பின் கிளைகளை வெட்டிவந்த அமெரிக்க அறுவை மருத்துவர் ஹார்வி குஷிங், 1905-இல் ஒன்றைக் கவனித்து எழுதினார். அறுவைக்குப் பிறகு பலருக்கு முகத்தில் கொப்புளம் வந்தது. ஆனால் வெட்டப்பட்ட கிளை போய்ச் சேரும் தோலில் வரவில்லை. வெட்டாமல் விட்ட கிளையின் பகுதியில்தான் வந்தது. சரக்கு நரம்பு வழியாகத்தான் இறங்குகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி வேண்டுமா? இருந்தும், இறந்தவர்களின் நரம்பு முடிச்சிலிருந்து வைரஸையே எடுத்துக் காட்டி மருத்துவ உலகம் உறுதிசெய்ய 1970-கள் வரை ஆயிற்று.

● இதே வைரஸ் எப்போதாவது மூளைக்குள்ளும் போகிறது. மருத்துவத்தில் ஹெர்பிஸ் என்செபலைடிஸ் என்பார்கள். நம் வழக்கில் மூளைக்காய்ச்சல். ஆண்டுக்குப் பத்து லட்சம் பேரில் இரண்டு முதல் நான்கு பேருக்குத்தான் வரும். கோடிக்கணக்கானவர்களின் உடம்பில் சும்மா கிடக்கும் வைரஸ் இந்தச் சிலரை மட்டும் ஏன் தாக்குகிறது? பிள்ளைகள் விஷயத்தில் பாரிஸின் ழான்-லோரான் கசனோவா குழு 2006, 2007-ஆம் ஆண்டுகளில் ஒரு பதிலைக் கண்டுபிடித்தது. பாதிக்கப்பட்ட குழந்தைகளில் சிலருக்கு ஒரே ஒரு மரபணுவில் பழுது. அதனால் மூளைச் செல்கள் இந்த வைரஸுக்கு எதிராக இன்டர்ஃபெரான் என்ற தற்காப்புப் புரதத்தைப் போதுமான அளவில் சுரப்பதில்லை. வியப்பு என்னவென்றால், மற்ற கிருமிகளை அந்தக் குழந்தைகள் எல்லாரையும்போலவே சமாளிக்கிறார்கள். பெரியவர்களில் 50 வயதைத் தாண்டியவர்களிடம் நோய் அதிகம் தென்படுகிறது.

● மூளைக்குள் போனாலும் இது கண்ட இடத்தில் கைவைப்பதில்லை. காதுக்கு மேலே உள்ள பொட்டு மடல், நெற்றி மடலின் அடிப்பகுதி. பெரும்பாலும் இவைதான். அதிலும் ஒரு பக்கம் அதிகமாகவும் மறுபக்கம் குறைவாகவும் வீங்கும். நினைவு, பேச்சு, மணம், உணர்ச்சி எல்லாம் புழங்கும் வட்டாரம் அது. ஆகவே நோயும் அந்த முகத்தோடுதான் வரும்.

இரண்டு நாள் காய்ச்சல், தலைவலி. மூன்றாம் நாள் மனிதர் சட்டையை உள்வெளியாக மாட்டிக்கொண்டு நிற்பார். "ஏதோ கருகுற வாடை வருதே" என்பார். வீட்டில் வேறு யாருக்கும் வாடை வராது. கையில் இருக்கும் டம்ளருக்குப் பெயர் சொல்ல வராது. சாதுவானவர் பேத்தியைப் பார்த்து எரிந்து விழுவார். பிறகு வலிப்பு.

கோளாறு பேச்சில் தெரிவதால் குடும்பம் தப்பான கதவைத் தட்டப் போய்விடுகிறது. குடி என்று ஒருவர், மனநோய் என்று ஒருவர், காத்து கருப்பு என்று ஒருவர். நான் சொல்வது இவ்வளவுதான்: காய்ச்சலோடு சேர்ந்து ஒருவரின் பேச்சோ நடத்தையோ மாறினால், அதை மூளைக்காய்ச்சலாக இருக்கலாம் என்று எடுத்துக்கொண்டு பெரிய ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும். விடியட்டும் என்று காத்திருக்கிற நோய் இல்லை இது.

● "முதுகுல தண்ணி எடுக்கணும்" என்று டாக்டர் சொன்னதும் பாதிக் குடும்பங்கள் தயங்கும். கால் விளங்காமல் போய்விடும் என்ற பயம். பெரியவர்களுக்குத் தண்டுவடம் இடுப்புக்குச் சற்று மேலேயே முடிந்துவிடுகிறது. ஊசி குத்துவது அதற்கும் கீழே. அங்கே இருப்பது திரவமும் அதில் மிதக்கும் நரம்பு இழைகளும்தான். எடுத்த சில சொட்டு நீரில் பி.சி.ஆர். செய்து வைரஸின் மரபுப்பொருளைத் தேடுவார்கள். ஆனால் முதல் மூன்று நாளுக்குள் எடுத்தால் நோய் இருந்தும் 'இல்லை' என்று வர வாய்ப்புண்டு. சந்தேகம் வலுவாக இருந்தால் சில நாள் கழித்து மறுபடி எடுப்பார்கள். "அதான் ஒருதடவை எடுத்தாச்சே" என்று அப்போது சண்டைக்குப் போகக் கூடாது. பி.சி.ஆர். வருவதற்கு முன்னால், நோயை உறுதிசெய்ய மண்டையோட்டில் துளையிட்டு மூளையிலேயே துணுக்கு எடுத்தார்கள் என்பதை நினைத்தால் முதுகு ஊசி பரவாயில்லை.

● ஜப்பானிய மூளைக்காய்ச்சலை இந்தியாவில் முதன்முதலில் அடையாளம் கண்டது 1955-இல், நம் வேலூரில். வயல், பன்றி, கொக்கு, கொசு என்று அதற்கொரு சுற்று உண்டு, பருவமும் உண்டு. ஹெர்பிஸுக்கு இவை எதுவும் வேண்டாம். ஆண்டு முழுக்க, ஊர் நகரம் பார்க்காமல், எங்கேனும் ஒருவருக்கு என்று வரும். எம்.ஆர்.ஐ. படத்திலும் இடம் மாறும்: ஜப்பானியக் காய்ச்சல் மூளையின் ஆழத்தில் உள்ள தலாமஸைப் பிடிக்கும், ஹெர்பிஸ் பொட்டு மடலை. மிக முக்கியமான வித்தியாசம் இன்னொன்று. ஜப்பானிய வைரஸுக்குத் தடுப்பூசி உண்டு, கொல்லும் மருந்து இல்லை. ஹெர்பிஸுக்குத் தடுப்பூசி இல்லை, மருந்து உண்டு. அதனால்தான் மூளைக்காய்ச்சல் என்று சந்தேகம் வந்தவுடனே, ரிசல்ட் வரும்வரை காத்திருக்காமல், டாக்டர்கள் ஏசைக்ளோவிர் ஏற்றத் தொடங்கிவிடுகிறார்கள்.

● அந்த ஏசைக்ளோவிர் வந்த கதை தனியாகச் சொல்லத் தகுந்தது. நியூயார்க்கில் பிறந்த கெர்ட்ரூட் எலியனுக்கு வேதியியலில் முனைவர் பட்டம் கிடையாது. பெண் என்பதால் ஆய்வுக்கூடங்கள் வேலை தர மறுத்த காலம். பிறகு பரோஸ் வெல்கம் நிறுவனத்தில் சேர்ந்தார். அவருடைய குழு 1970-களில் ஏசைக்ளோவிர் எப்படி வேலை செய்கிறது என்பதைப் பிரித்துக் காட்டியது. மருந்து ஆரோக்கியமான செல்லுக்குள் போனால் ஏறக்குறைய ஒன்றும் செய்யாது. வைரஸ் புகுந்த செல்லில், வைரஸ் தன் பிழைப்புக்காகத் தயாரித்து வைத்திருக்கும் ஒரு நொதியே மருந்தை முடுக்கிவிடும். முடுக்கிவிட்ட மருந்து வைரஸின் மரபுப்பொருள் நகலெடுப்பதை நடுவிலேயே நிறுத்திவிடும். வைரஸைக் கொண்டே வைரஸை அடிக்கிற தந்திரம். அதற்கு முன்புவரை, உடம்பைக் கெடுக்காமல் வைரஸை மட்டும் குறிவைக்க முடியாது என்றே பலர் நம்பியிருந்தார்கள். 1988-இல் எலியனுக்கு நோபல் பரிசு கிடைத்தது, முனைவர் பட்டம் இல்லாமலே.

மருந்து இல்லாத நாளில் ஹெர்பிஸ் மூளைக்காய்ச்சல் வந்த பத்துப் பேரில் ஏழு பேர் இறந்தார்கள். அமெரிக்காவின் ரிச்சர்டு விட்லி குழு 1986-இல் வெளியிட்ட சோதனையில், பழைய மருந்தான விடராபின் பெற்றவர்களில் 54 சதவீதம் பேர் இறந்தார்கள்; ஏசைக்ளோவிர் பெற்றவர்களில் 28 சதவீதம். இன்றும் இதுவே மருந்து. எட்டு மணிக்கொரு தரம், இரண்டு முதல் மூன்று வாரம், நரம்பில்தான் ஏற்ற வேண்டும். மாத்திரை போதாது. காய்ச்சல் விட்டுவிட்டது, ஆள் பேசுகிறார் என்று ஐந்தாம் நாளே டிஸ்சார்ஜ் கேட்பது ஆபத்து. இன்னொன்று: மருந்து சிறுநீரகத்தில் படிகமாகப் படியக்கூடும் என்பதால் கூடவே தாராளமாக நீர் ஏற்றுவார்கள், ரத்தத்தில் கிரியாட்டினின் பார்ப்பார்கள். "ஏன் இத்தனை பாட்டில்?" என்று கேட்பவர்களுக்கு இதுதான் பதில்.

● உயிர் பிழைப்பது ஒன்று, பழைய ஆளாகப் பிழைப்பது இன்னொன்று. கிளைவ் வேரிங் லண்டன் இசை அறிஞர், பாடகர் குழுவை நடத்தியவர், பி.பி.சி.யில் இசை நிகழ்ச்சித் தயாரிப்பாளர். 1985 மார்ச்சில் தலைவலி வந்தது. முதலில் ஃப்ளூ என்றே நினைத்தார்கள். பிழைத்தார், ஆனால் புது நினைவு எதுவும் சில நொடிகளுக்கு மேல் தங்குவதில்லை. மனைவி டெபோரா அறையை விட்டு வெளியே போய் இரண்டு நிமிடத்தில் திரும்பினால், பல ஆண்டு பிரிந்திருந்தவரைப்போலக் கட்டித் தழுவுவார். நாட்குறிப்பில் மணியைப் போட்டு, இப்போதுதான் முதன்முதலாக விழித்தேன் என்று எழுதுவார். சில நிமிடம் கழித்து அதைப் பார்ப்பார். தன் கையெழுத்துதான், ஆனால் எழுதிய ஞாபகம் இல்லை. கோபத்தோடு அதை அடித்துவிட்டு, கீழே புது மணியைப் போட்டு அதையே மறுபடி எழுதுவார். பக்கம் பக்கமாக இப்படியே.

பியானோ முன்னால் உட்கார வைத்தால் மட்டும் விரல்கள் தடுமாறாது. பாட்டு முடியும்வரை முழு மனிதர். நிகழ்ச்சிகளின் நினைவும் கைப்பழக்கமும் மூளையில் வெவ்வேறு இடத்தில் குடியிருக்கின்றன என்று பாடப்புத்தகம் சொல்வதை அவர் உடம்பே காட்டியது.

● கலிஃபோர்னியாவில் ஈ.பி. என்று ஆய்வேடுகளில் குறிக்கப்பட்ட முதியவருக்கு 1992-இல் இதே நோய் வந்தது. நோய்க்குப் பிறகு குடிபோன புது வீட்டின் அக்கம்பக்கம் அவர் மனதில் ஏறவே இல்லை. எந்தத் தெரு எங்கே என்று கேட்டால் சொல்ல முடியாது. ஐம்பது ஆண்டுக்கு முன் விட்டுவந்த இளமைக்கால ஊரைக் கேட்டார்கள். இன்ன இடத்திலிருந்து இன்ன இடத்துக்கு எப்படிப் போவது? சட்டென்று சொன்னார். அந்தச் சாலை அடைத்திருந்தால்? மாற்றுவழியும் சொன்னார், அதே ஊரில் வளர்ந்த மற்ற முதியவர்களுக்குக் குறையாமல். லாரி ஸ்குவயர் குழு இதை 1999-இல் வெளியிட்டது. பழைய ஊர்வரைபடத்துக்கு, நோய் அழித்திருந்த ஹிப்போகேம்பஸ் என்ற நினைவுப் பகுதி தேவைப்படுவதில்லை என்று அப்போது தெரிந்தது.

● இவர்களைவிட என்னை அதிகம் அசைத்தது லண்டன் குவீன் ஸ்கொயர் மருத்துவமனையிலிருந்து வந்த ஆய்வு. எலிசபெத் வாரிங்டனும் டிம் ஷாலிஸும் 1984-இல் எழுதியது. ஹெர்பிஸிலிருந்து மீண்ட நான்கு பேருக்கு உலகம் இரண்டாகப் பிளந்திருந்தது. குடை என்றால் என்ன? மழைநீர் படாமல் காப்பது. நீர்மூழ்கிக் கப்பல்? கடலுக்கடியில் போவது. துண்டு? துவட்டுவது. சரியாகச் சொல்லிக்கொண்டே வந்த அதே ஆள் குளவி என்றதும் பறக்கும் பறவை என்றார். சிலந்தி என்றதற்கு நாட்டுக்காக எதையோ தேடித் திரியும் ஒரு மனிதன் என்றார். மனிதன் செய்த பொருள்கள் பத்திரமாக இருந்தன. விலங்கும் செடியும், கூடவே சாப்பாட்டுப் பண்டங்களும் கலைந்துபோயிருந்தன. உயிருள்ளதையும் செய்பொருளையும் மூளை தனித்தனி அறைகளில் வைத்திருக்கிறதா, அல்லது ஒன்றை நிறம் உருவம் கொண்டும் இன்னொன்றை அதன் பயன் கொண்டும் அறிகிறதா என்ற சண்டை அன்று தொடங்கியது; இன்னும் ஓயவில்லை.

● தேறி வீட்டுக்கு வந்தவர் ஒன்றிரண்டு மாதத்தில் மறுபடி மோசமாவது உண்டு. பழைய வைரஸ் திரும்பிவிட்டது என்று நினைக்கத் தோன்றும். பலமுறை அது வைரஸே இல்லை. உடம்பின் எதிர்ப்புச் சக்தி, மூளைச் செல்லின் மேலுள்ள என்.எம்.டி.ஏ. ஏற்பி போன்றவற்றையே எதிரி என்று தாக்கத் தொடங்கியிருக்கும். ஜோசப் தல்மாவ் குழு ஸ்பெயினில் நோயாளிகளைத் தொடர்ந்து பார்த்து 2018-இல் சொன்னது: நாலில் ஒருவருக்கு இப்படி இரண்டாம் சுற்று வந்தது, எல்லாம் மூன்று மாதத்துக்குள். குழந்தைகளிடம் கைகால் தன்னிச்சையாக நெளிவது முக்கிய அறிகுறி. இதற்கு வைத்தியமே வேறு. எதிர்ப்புச் சக்தியை அடக்கும் மருந்துகள்.

● பச்சைக் குழந்தைக்கு இந்த வைரஸ் பொல்லாதது. பெரும்பாலும் பிரசவத்தின்போது தாயிடமிருந்து தொற்றும்; சிலநேரம் பிறந்த பிறகு, பார்க்க வந்த சொந்தக்காரரின் முத்தத்திலிருந்தும். பால் குடிக்காமல் துவண்டு கிடப்பது, வலிப்பு, காய்ச்சல் என்று வரும். தோலில் கொப்புளம் இருந்தே தீர வேண்டும் என்பதில்லை. உதட்டில் புண்ணோடு வரும் சித்தப்பாவை வாசலிலேயே சிரித்துச் சமாளித்து உட்கார வைத்துவிடலாம். தாய்க்கே உதட்டுக் கொப்புளம் இருந்தால்? முகக்கவசம் போட்டுக்கொண்டு, கை கழுவிவிட்டுப் பால் கொடுக்கலாம். மார்பில் கொப்புளம் இருந்தால் மட்டும் அந்தப் பக்கம் கூடாது.

● இரண்டாம் வகை ஹெர்பிஸ் இடுப்புக்குக் கீழே ஒளிவது. அது பெரியவர்களின் மூளையை அபூர்வமாகவே தொடும். ஆனால் மூளையுறையைத் தொடும். கழுத்து விறைத்து, வெளிச்சம் கூசி, சில நாளில் தானாகத் தணிந்து, மாதங்கள் கழித்து மறுபடி வரும். பிரெஞ்சு மருத்துவர் பியேர் மொலாரே 1944-இல் விவரித்த இந்த நோய்க்குக் காரணம் பெரும்பாலும் இதுதான் என்று பி.சி.ஆர். வந்த பிறகே புரிந்தது.

● கோயில் குரங்குக்கு வாழைப்பழம் கொடுப்பவர்கள் கவனிக்க. குரங்கினத்தில் மகாக் வகைக்கு, நம் ஊர் நாட்டுக் குரங்கும் அதில் ஒன்று, சொந்தமாக ஒரு ஹெர்பிஸ் உண்டு: பி வைரஸ். குரங்குக்கு அது நம் உதட்டுக் கொப்புளம் மாதிரி. மனிதனுக்குள் வந்தால் தண்டுவடத்தையும் மூளையையும் அழிக்கிறது. உலகில் இதுவரை பதிவானது சுமார் 50 பேர்தான், பெரும்பாலும் ஆய்வுக்கூடத்தில் கடிபட்டவர்கள். பயந்து சாக வேண்டாம். ஆனால் குரங்கு கடித்தால் கால் மணி நேரம் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போங்கள். வெறிநாய்க்கடி ஊசியும் தேவைப்படும்.

● மறதி நோய்க்கும் இந்த வைரஸுக்கும் தொடர்புண்டா? மான்செஸ்டரின் ரூத் இட்ஸாக்கி 1991-லிருந்து உண்டு என்று சொல்லிவந்தார். முதியோரின் மூளையிலேயே வைரஸின் மரபுப்பொருளைக் கண்டவர் அவர். நீண்ட காலம் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. கடைசியில் அமெரிக்காவில், தொடக்க நிலை அல்ஸைமர் உள்ள, ஹெர்பிஸ் தொற்றும் உள்ள 120 பேருக்கு ஒன்றரை ஆண்டு ஹெர்பிஸ் மாத்திரையான வாலசைக்ளோவிர் அல்லது போலி மாத்திரை கொடுத்துப் பார்த்தார்கள். 2025-இல் வந்த முடிவு: மருந்தால் பயனில்லை. வந்த நோயைத் திருப்ப முடியவில்லை என்பதுதான் இதன் பொருள். வருமுன் தடுக்குமா என்பது வேறு கேள்வி. எப்படியும், மறதிக்கு என்று யாராவது வாட்ஸ்அப்பில் இந்த மாத்திரையைச் சிபாரிசு செய்தால் நம்பாதீர்கள்.

● அந்த வேறு கேள்விக்குப் பக்கத்து வீட்டிலிருந்து ஒரு பதில் வந்திருக்கிறது. அக்கி என்று குயவரிடம் போய்க் காவி எழுதிக்கொள்வோமே, அதை உண்டாக்குவது சின்னம்மை வைரஸ். ஹெர்பிஸ் குடும்பத்தின் பங்காளி. வேல்ஸ் நாட்டில் 2013-இல் அக்கித் தடுப்பூசி தொடங்கியபோது 1933 செப்டம்பர் 2-க்கு முன் பிறந்தவர்களுக்குக் கிடையாது என்று கோடு போட்டார்கள். ஒரு வாரம் முன்னே பின்னே பிறந்தவர்களுக்குள் வேறு எந்த வித்தியாசமும் இருக்க நியாயமில்லை. ஏழு ஆண்டு கழித்துப் பார்த்தால், ஊசி போட்டுக்கொண்டவர்களிடம் மறதி நோய் ஐந்தில் ஒரு பங்கு குறைவு. அரசு போட்ட கோடு விஞ்ஞானிகளுக்கு இலவசமாகக் கிடைத்த சோதனையாக ஆனது.

● கடைசியாக, எதிரியை வேலைக்கு வைத்த கதை. நரம்புக்குள் புகுவதில் இத்தனை கெட்டிக்காரனாக இருக்கும் வைரஸை மூளைப் புற்றுநோய்க்கு எதிராக ஏவினால் என்ன என்று அமெரிக்காவின் ராபர்ட் மார்ட்டூசா 1991-இல் எலிகளில் தொடங்கினார். டோக்கியோ பல்கலைக்கழகத்தின் தோமொகி தோதோ முதல் வகை ஹெர்பிஸில் மூன்று மாற்றங்கள் செய்து, புற்றுச் செல்லில் மட்டும் பெருகி அதை உடைக்கும்படி வடிவமைத்தார். 2021-இல் ஜப்பான் அரசு அதற்கு நிபந்தனையோடு அனுமதி தந்தது. மண்டையோட்டில் சிறு துளை போட்டு, கட்டிக்குள் நேரடியாக, அதிகபட்சம் ஆறு தடவை செலுத்துகிறார்கள். சோதனையில் இருந்தது 19 பேர்தான்; அவர்களில் 84 சதவீதம் பேர் ஓராண்டுக்குப் பிறகும் உயிரோடிருந்தார்கள். 19 பேரை வைத்து முடிவு கட்ட முடியாது என்பதால்தான் அந்த அனுமதியில் நிபந்தனை.